ஆறு ரப்பர் விரலுறைகள்

அன்று அந்தத் திடலில் எங்கள் ஆட்டத்தைப் பார்த்தவர்கள் மொத்தம் பதினான்கு பேர். எங்கள் பயிற்றுநர். மேனேஜர் என்று கூட வந்த அம்மாள். கோலாலம்பூரிலிருந்து எங்களை ஏற்றி வந்த பஸ் டிரைவர். முதலுதவிப் பெட்டியோடு இரண்டு நர்ஸுகள். சிங்கப்பூர்ப் பெண்களின் பயிற்றுநர். அவர்களுடைய தோழிகள் நாலு பேர், ஒரே குடைக்குள். யாரோ ஒருத்தியின் அப்பா. நடுவரின் மனைவி, அவர் தோளில் தூங்கிய கைக்குழந்தை. கடைசியாக, அந்தத் திடலில் புல் வெட்டுகிற ஒரு தமிழர்.

கோட்டுக்குள்ளே முப்பது பெண்கள், நடுவர், கொடி பிடித்தவர் இரண்டு பேர். எங்கள் பெஞ்சில் ஐந்து பேர். அந்த ஐந்தில் கடைசி ஆள் நான்.

இவ்வளவு சரியாக எப்படி ஞாபகம் என்று கேட்கலாம். பயம் வந்தால் நான் எண்ணுவேன். பஸ்ஸில் ஜன்னல்களை எண்ணுவேன், கிளினிக்கில் நாற்காலிகளை எண்ணுவேன். அன்றைக்கு எண்ண வேறொன்றும் இல்லை, ஆட்களைத்தான் எண்ணினேன். இரண்டு முறை.

தொண்ணூறுகளின் பின்பாதி. எனக்கு இருபத்தொரு வயது. பெண்கள் ரக்பி ஆடுவார்கள் என்பதே பாதிப் பேருக்குத் தெரியாத காலத்தில் நான் நாட்டு அணியின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். அந்த ஒரு ஆட்டத்தில் ஒழுங்காக ஆடிக் காட்டினால் அடுத்த வருடம் தாய்லாந்துக்குப் போகிற அணியிலும் எனக்கு இடம் இருக்கும் என்று பயிற்றுநர் சொல்லியிருந்தார். எனக்கு வேண்டியதெல்லாம் அதுதான். அதற்கு முன்னாலும் பின்னாலும் நான் எதையும் அவ்வளவு ஆசைப்பட்டுக் கேட்டதில்லை.

நான் படித்தது மூன்றாம் படிவம், அதாவது ஒன்பதாம் வகுப்பு வரைக்கும். அதுவும் முழுசாக இல்லை. பரீட்சை அன்று காலையில் பள்ளிக்கூடம் போகிற பஸ்ஸில் ஏறினேன். படித்ததெல்லாம் மறந்துபோன மாதிரி இருந்தது. ஒரு நிறுத்தம் முன்னாலேயே இறங்கி, நடந்து வீட்டுக்கு வந்துவிட்டேன். அம்மா அடிக்கவில்லை. பினாங்குத் தீவில், கெலுகோரில் பல்கலைக்கழகத்து மாணவர் விடுதியைக் கூட்டிப் பெருக்குகிற வேலை அம்மாவுக்கு. “படிச்ச புள்ளைங்க ரூமெல்லாம் நான்தான் கூட்டுறேன். அதுங்களும் பயந்துகிட்டுதான் கெடக்குதுங்க” என்று மட்டும் சொன்னார். பயம் எனக்கு அம்மாவிடமிருந்து வந்தது. அப்பா பாலத்துக்கு அந்தப் பக்கம் பிறையில் லாரி ஓட்டினார். ஒரு மணி நேரம் தாமதமாக வந்தால் போதும், அம்மா வாசலில் நின்றபடியே ஆஸ்பத்திரி, போலீஸ், சுடுகாடு வரைக்கும் போய்த் திரும்பிவிடுவார்.

பதினெட்டு வயதில் பிறையில் ஓர் எலக்ட்ரானிக்ஸ் தொழிற்சாலையில் சேர்ந்தேன். கம்பெனி பஸ் கெலுகோரில் ஏற்றிக்கொண்டு பாலத்தைத் தாண்டும். அந்தப் பாலத்தில் எத்தனை விளக்குக் கம்பங்கள் என்று ஒரு காலத்தில் எனக்குத் தெரியும்.

என் வேலை மைக்ரோஸ்கோப்பில் கண்ணை வைத்து, முடியைவிட மெல்லிய தங்கக் கம்பி சில்லில் சரியாக ஒட்டியிருக்கிறதா என்று பார்ப்பது. ஒட்டாததை ஊசிமுனையால் நகர்த்திச் சரிசெய்வது. விரல் வியர்வை சில்லில் பட்டால் அது கெட்டுப்போகும். அதனால் பெருவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல் மூன்றுக்கும் மெல்லிய ரப்பர் விரலுறை போட்டுக்கொள்வோம். பலூன் வாய் மாதிரிச் சுருட்டி இருக்கும். விரல் நுனியில் வைத்து உருட்டி இறக்க வேண்டும். இரண்டு கைக்கும் ஆறு. எட்டு மணி நேரம் அதைப் போட்டுப் பழகினால் வீட்டுக்குப் போனபின் விரல் அம்மணமாக இருக்கிற மாதிரித் தோன்றும். லைனில் இதைச் சொன்னால் சிரிப்பார்கள், ஆனால் எல்லோருக்கும் அப்படித்தான்.

எங்கள் லைன் லீடர் ஒரு தமிழ் அக்கா. சத்தமாகப் பேசுவார், சத்தமாகச் சிரிப்பார். ஒருநாள் என் பின்னால் வந்து நின்றார்.

“ஏய், ஸ்போர்ட்ஸுக்கு உன் பேர குடுத்துட்டேன் லா.”

“என்னாக்கா, என்னைக் கேக்காம?”

“பஸ்ஸுக்கு நீ ஓடுறத நான் தெனமும் பாக்குறேன். அந்த ஓட்டத்த சும்மா வேஸ்ட் பண்ணக் கூடாது.”

“என்னா வெளையாட்டு?”

“பந்த கையில வச்சிகிட்டு ஓடணும். அவ்ளோதான்.”

“அவ்ளோதானா?”

“வழியில யாராச்சும் வந்தா தள்ளி உட்ரணும். அவங்களும் உன்ன தள்ளுவாங்க. பெருசா ஒன்னும் இல்ல, பசார்ல மீனு வாங்குற மாச்சாம், அதே மாதிரிதான்.”

மெஷின் பழுது பார்க்கிற மலாய்க்காரர் ஒருவர் ராணுவத்தில் ரக்பி ஆடியவர். எல்லோரும் அவரை அபாங் என்று அண்ணன் முறை வைத்துக் கூப்பிடுவோம். அவர்தான் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். காலை ஷிப்ட் மூன்று மணிக்கு முடியும். தொழிற்சாலைக்குப் பின்னால் லாரிகள் திரும்புகிற இடத்துக்கு அந்தப் பக்கம் ஒரு வெறும் நிலம். அங்கே பதினாறு பெண்கள், ஒரு பந்து. கோட்டுக்கு அப்பால் பந்தைக் கொண்டுபோய்த் தரையில் அழுத்தினால் ஐந்து புள்ளி. பந்து கையிலிருந்து முன்பக்கம் விழுந்தால் தப்பு, எதிரணிக்குப் போய்விடும். எனக்குப் புரிந்த சட்டம் இந்த இரண்டும்தான். மற்றதெல்லாம் ஓடிப் பழகியது.

முதல் வாரமே என் நடுவிரல் நகம் பெயர்ந்தது. மறுநாள் நான் தொட்ட சில்லுத் தட்டு ஒன்றில் ரத்தப் புள்ளி. முழுத் தட்டையும் ஒதுக்கிவிட்டார்கள். அக்கா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். அன்றைக்குச் சிரிக்கவில்லை.

“ஓடு, வேணாங்கல. ஆனா ஒரு வெரல் ஒடஞ்சிச்சினா உன்ன பேக்கிங்குக்கு மாத்திருவாங்க. அலவன்ஸ் போச்சு. அப்புறம் பொட்டிய தூக்கிகிட்டே கெடக்க வேண்டியதுதான்.”

அன்றிரவு தூக்கம் இல்லை. காலையில் ஒரு யோசனை வந்தது. மாலைப் பயிற்சிக்கு விரலுறைகளைக் கழற்றாமலே போனேன். அவை நழுவாமல் இருக்க அடிப்பக்கம் துணி டேப் சுற்றினேன். நகம் தாங்கியது. அதைவிட ஆச்சரியம், பந்து கையில் ஒட்டிக்கொண்ட மாதிரி நின்றது. காய்ந்த பந்தில் ரப்பர் தோலைவிட நன்றாகப் பிடிக்கும். அதற்கு முன் பத்துக்கு நாலு பந்தை விட்ட நான், அன்று ஒன்றைக்கூட விடவில்லை.

அபாங் என் கையைப் பிடித்துப் பார்த்துவிட்டுச் சிரித்தார். இரண்டே வாரத்தில் அணியில் பாதிப் பேர் ஆறு விரலுறைகளோடு ஓடினார்கள். தரம் பார்க்கும் பிரிவில் வேலை செய்த என் சீனத் தோழி மட்டும் போடவில்லை. நல்ல வாட்டசாட்டமானவள், முன்வரிசையில் முட்டுபவள். “உன் கையில பந்து, பிரசவம் பாக்க வந்த நர்ஸ் கையில புள்ள இருக்கற மாதிரியே இருக்கு” என்று மலாயில் சொல்லிவிட்டு, எங்கள் லைனில் கற்றுக்கொண்ட ஒரே தமிழ்ச் சொல்லையும் சேர்த்தாள்: “போடி!”

அப்படியே ஆடிப் பினாங்கு அணிக்கு வந்தோம், நானும் அவளும். இடது ஓரத்தில் நான். பந்து என்னிடம் வருவதற்குள் பதினாலு பேர் வேலையை முடித்திருப்பார்கள். நான் செய்ய வேண்டியது பிடிப்பது, ஓடுவது. அடுத்த வருடம் நாட்டு அணியின் பயிற்சி முகாமுக்கு எங்கள் இரண்டு பேரையும் கூப்பிட்டார்கள். பத்து நாள் கோலாலம்பூரில், பிறகு சிங்கப்பூரில் ஒரே ஒரு ஆட்டம்.

தொழிற்சாலை அலுவலகத்தில் கடிதத்தைக் காட்டினேன். கண்ணாடி போட்ட அதிகாரி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். “பொம்பளைங்க ரக்பியா? இதுக்கெல்லாம் லீவு கெடையாது. உன் லீவும் முடிஞ்சிபோச்சு.” மாநிலப் பயிற்சிகளுக்கே என் லீவெல்லாம் தீர்ந்திருந்தது. கடிதத்தில் ஒரு முத்திரை இருந்தது. அதைக் காட்டி இரண்டு வார்த்தை பேசியிருக்கலாம். கடிதத்தை மடித்துக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். படித்தவர் முன்னால் நிற்கும்போது எனக்கு எப்போதும் அந்தப் பஸ் நிறுத்தம்தான்.

மிச்சம் இருந்த ஒரே வழி ஷிப்ட் மாற்றிக்கொள்வது. எங்கள் லைனில் அதற்கு ஒரு முறை உண்டு. எனக்காக நீ ஒரு ஷிப்ட் நின்றால், உனக்காக நான் ஒன்று நிற்க வேண்டும். இரவுக்கு இரவு, பகலுக்குப் பகல். காசு கொடுத்துத் தீர்க்கக் கூடாது. கொடுத்தால் அது அவமானம், ஆறு மாதத்துக்கு யாரும் முகம் கொடுத்துப் பேசமாட்டார்கள். தீபாவளியன்றும் மெஷின் நிற்காது. அன்றைய ஷிப்ட் இரண்டுக்குச் சமம்.

எனக்கு ஒன்பது ஷிப்ட் வேண்டியிருந்தது. ஒவ்வொருத்தியாகக் கேட்டேன். கடைசியில் அக்காவிடம் போனேன்.

“மூணு நைட்டு நான் எடுத்துக்கிறேன்” என்றார் அக்கா. “தீபாவளி காலைல எனக்கு நீ நில்லு. அப்புறம் ஒரு நைட்டு. சரியா?”

“தீபாவளிக்கா? அம்மா திட்டுவாங்கக்கா.”

“அப்ப சிங்கப்பூரு போகாத. வீட்டுல உக்காந்து முறுக்கு சுடு.”

சரி என்றேன். வீட்டில் சொன்னபோது அம்மா திட்டவில்லை, அழுதார். தீபாவளிக்காக என்று நினைத்தேன். “பல்லு போச்சுனா என்னாம்மா பண்ணுவ? முன்னாடி பல்லு?” என்றார். அவருடைய கணக்கே வேறு.

முகாமில் நாங்கள் இருபத்தாறு பேர், சிங்கப்பூருக்குப் போகிறவர்கள் இருபது. பயிற்றுநர் ஒரு பள்ளி ஆசிரியர், மலாய்க்காரர். குரலை உயர்த்தவே மாட்டார், அதனாலேயே அவரிடம் பயம். முதல் நாளே என் கையைப் பார்த்தார்.

“இது என்ன?”

சொன்னேன்.

“கழட்டு. இது ஃபேக்டரி இல்லை. மழை வந்தால் என்ன செய்வாய்?”

கழற்றினேன். அன்று ஏழு பந்து விட்டேன். மறுநாள் ஐந்து. ஆறாம் நாள் ஒன்றுகூட விடவில்லை. வெறும் விரலால் பந்தின் தையலைத் தடவிப் பிடிக்க வந்துவிட்டது. அவர் இன்னொருவரிடம், “அந்த இந்தியப் பெண் கோட்டோரம் நேராக ஓடுகிறாள்” என்று சொன்னது என் காதில் விழுந்தது. பள்ளிக்கூடத்தில் எந்த ஆசிரியரும் என்னைப் பற்றி அவ்வளவு சொன்னதில்லை. இருபது பேர் பட்டியலில் என் பெயர் கடைசியாக இருந்தது. இருந்தது, அதுதான் முக்கியம்.

அதோடு விட்டிருந்தால் இந்தக் கதையே இல்லை.

கிளம்புவதற்கு முதல் நாள் பயிற்சியில் கெடாவிலிருந்து வந்த ஒரு பெண் விழுந்தாள். எழுந்தபோது அவளுடைய ஆள்காட்டி விரல் பக்கவாட்டில் திரும்பியிருந்தது. அவள் கத்தவில்லை, அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். கத்தியது நான். அது என் ஊசி பிடிக்கிற விரல்.

சாயங்காலம் பொதுத் தொலைபேசியில் வீட்டுக்குப் பேசினேன். சொல்லியிருக்கக் கூடாது, சொன்னேன்.

“ஐயோ! எந்தக் கையி?”

“வலது கையிம்மா. எனக்கில்ல, அந்தப் புள்ளைக்கு.”

“அது என்னா வேல பாக்குது?”

“காலேஜ்ல படிக்கிது.”

“அது படிக்கிற புள்ள, வெரல் கூடுனா எழுதப்போவுது. உனக்கு வெரல்தான் சோறு. பாத்துக்கம்மா. அந்த ரப்பர கொண்டுபோனியா?”

கொண்டுபோயிருந்தேன். பையின் அடியில் ஒரு சின்ன பிளாஸ்டிக் உறையில் இரண்டு டஜன்.

சிங்கப்பூருக்குப் போகிற பஸ்ஸில் எல்லோரும் பாட்டுப் பாடினார்கள். நான் என் விரல்களை ஒவ்வொன்றாக மடக்கி நீட்டிக்கொண்டு வந்தேன். விடுதியில் மேனேஜர் அம்மாள் சட்டைகளைக் கொடுத்தார். ஆண்கள் அணியின் பழைய சட்டைகள். எங்களுக்கென்று தைக்கப் பணமில்லையாம். எனக்கு வந்தது இருபதாம் எண். முழங்கால் வரை தொங்கியது. ஆனால் நெஞ்சில் நாட்டுச் சின்னம் இருந்தது. குளியலறைக் கண்ணாடி முன்னால் நின்று அதைப் போட்டுப் பார்த்தேன். சின்னத்தின் ஒரு ஓரத்தில் நூல் பிரிந்திருந்தது. பிடித்து இழுக்காமல் உள்பக்கம் சொருகிவிட்டேன்.

மறுநாள் ஆட்டம் நாலு மணிக்கு. மூன்றரைக்கு வானம் வெளுப்பாகத்தான் இருந்தது. கழிவறைக்குப் போனேன். கதவைத் தாழிட்டு, ஆறு விரலுறைகளையும் போட்டு, டேப் சுற்றி, மேலே சட்டைக் கையை இழுத்துவிட்டுக்கொண்டேன். நீளமான கை; விரல் நுனிதான் தெரியும். அந்த ரப்பர் தோல் நிறம்தான், கிட்டப் போனால்தான் தெரியும். போட்டவுடன் நெஞ்சுத் துடிப்பு அடங்கியது. அந்த நிம்மதியை நினைத்தால் இப்போதும் எனக்கு எரிச்சல் வருகிறது.

ஆட்டம் தொடங்கிப் பத்தாம் நிமிடம் மழை பிடித்துக்கொண்டது.

நான் பெஞ்சில் இருந்தேன். கழற்ற வேண்டும் என்று உடனே தெரிந்துவிட்டது. டேப் நனைந்து இறுகிவிட்டது. பல்லால் கடித்தேன், வரவில்லை. கத்தரிக்கோல் நர்ஸிடம் இருந்தது. நர்ஸ் பயிற்றுநருக்குப் பக்கத்தில் நின்றார். எழுந்து போய்க் கேட்டால் ஒரு நிமிட வேலை. கேட்டால் அவர் திரும்பிப் பார்ப்பார். பார்த்தால் என்னை இறக்கவே மாட்டார். கேட்காமல் இருந்தால், ஒருவேளை மழை நின்றுவிடலாம். ஒருவேளை என்னை இறக்காமலே இருந்துவிடலாம். என்னை இறக்கக் கூடாது என்று நான் வேண்டிக்கொண்டேன். ஒன்பது ஷிப்ட் கடன் வாங்கி அந்தப் பெஞ்சுக்கு வந்தவள் நான்!

ஆட்களை எண்ணியது அப்போதுதான்.

இடைவேளையில் புல் வெட்டுகிறவர் பெஞ்சுக்குப் பின்னால் வந்து நின்றார். தலையில் ஒரு பிளாஸ்டிக் பை மாட்டியிருந்தார்.

“தங்கச்சி எந்த ஊரு?”

“பினாங்கு.”

“அடேயப்பா! அங்கேருந்து இந்தச் சேத்துல உருள வந்தீங்களா? நம்ம ஊட்டுப் புள்ள ஒன்னுதான் இருக்குனு பாத்துகிட்டே இருக்கேன், உக்கார வச்சே அனுப்பிருவாங்க போல.”

“கூப்புடுவாங்கண்ணே.”

“கூப்புட்டா இடது மூலைக்கிப் போகாத. தண்ணி நிக்கிது. மணல் கொட்டச் சொன்னேன், எவன் கேக்குறான்.”

அவரிடம் கத்தி ஏதாவது இருக்கும். கேட்கத் தோன்றவில்லை. இதை இருபது வருடம் கழித்து, பாத்திரம் கழுவும்போது நினைத்துக்கொண்டேன். புல் வெட்டுகிற மனிதன். இடுப்பில் கத்தி இல்லாமலா இருந்திருப்பான்?

இரண்டாம் பாதியில் அவர்கள் பத்து, நாங்கள் ஏழு. கடைசிப் பன்னிரண்டு நிமிடம் இருக்கும்போது எங்கள் இடது ஓரத்துப் பெண் நொண்டிக்கொண்டு வந்தாள். பயிற்றுநர் திரும்பி என்னைப் பார்த்துத் தலையசைத்தார். எழுந்து ஓடினேன். ஓடும்போதே வலது பெருவிரலில் இருந்த உறையை எப்படியோ பிய்த்துவிட்டேன். மிச்சம் ஐந்து.

எட்டு நிமிடம் பந்து என் பக்கமே வரவில்லை. ஒருத்தியைக் காலைப் பிடித்து விழத்தட்டினேன். நன்றாகத்தான் செய்தேன், சீனத் தோழி தூரத்திலிருந்து கையைத் தட்டினாள். பிறகு அவளே நடுவில் மூன்று பேரை முட்டித் தள்ளிக்கொண்டு ஓடினாள். அவர்கள் எல்லோரும் அவள்மேல் போய் விழுந்தார்கள். விழுவதற்கு முன்னால் பந்தை வெளியே கொடுத்தாள். அது கைமாறிக் கைமாறி இடப்பக்கம் வந்தது. நான் தலையைத் தூக்கிப் பார்த்தேன். என் முன்னால் ஒரு ஆளும் இல்லை. கோடு இருபதடி. ஐந்து புள்ளி, பன்னிரண்டுக்குப் பத்து, ஜெயிப்பு.

பந்து என் நெஞ்சு உயரத்துக்கு வந்தது. மெதுவாக வந்தது. அதைவிட நல்ல பந்தை யாரும் எனக்குக் கொடுத்ததில்லை. இரண்டு கையையும் நீட்டி வாங்கினேன். ஈரத்தில் ரப்பர் சோப்பு மாதிரி. பந்து ஐந்து விரல்களிலும் பட்டு, வழுக்கி, முன்னால் போய் அந்தத் தண்ணீரில் விழுந்தது. விசில்.

கெட்ட விஷயம் என்னவென்றால், அது விழுந்த இடத்திலேயே நின்றுவிட்டது. உருளவில்லை. நான் குனிந்து எடுத்திருக்கலாம், சட்டம் மட்டும் இல்லையென்றால்.

பத்துக்கு ஏழில் ஆட்டம் முடிந்தது. வரிசையாக நின்று கைகொடுத்தார்கள். பயிற்றுநரும் கைகொடுத்தார். என் கையைப் பிடித்தவர் விடவில்லை. திருப்பிப் பார்த்தார். சட்டைக் கையை மேலே தள்ளிவிட்டு, ரப்பரை ஒரு தடவை நகத்தால் சுண்டினார்.

“முதல் நாளே சொன்னேன்.”

“ஆமாம், சார்.”

“நனைந்தபடி நிற்காதே. பஸ்ஸில் ஏறு.”

திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். பஸ்ஸில் சீனத் தோழி என் பக்கத்தில் உட்கார்ந்தாள். மூக்கில் ரத்தம் காய்ந்திருந்தது. நர்ஸிடமிருந்து கத்தரிக்கோலை வாங்கிவந்து, ஒவ்வொரு டேப்பாக வெட்டினாள்.

“மூணு பேர முட்டினேன் தெரியுமா உனக்காக. மூக்கு போச்சு.”

“தெரியும்.”

“அடுத்த தடவை கையில சட்டி பானைய கொடுக்குறேன். கழுவி வை.” கடைசி டேப்பையும் வெட்டிவிட்டு, குரலே இல்லாமல், “போடி” என்றாள்.

என் விரல்கள் பத்தும் நன்றாக இருந்தன. ஒரு நகம்கூட உடையவில்லை.

பினாங்குக்கு வந்தேன். பாலத்தைத் தாண்டி வேலைக்குப் போனேன். கடன்பட்ட ஷிப்டுகளை ஒவ்வொன்றாக நின்று முடித்தேன். தீபாவளி காலையில் அக்காவின் இடத்தில் நான் இருந்தேன். அக்கா மத்தியானம் முறுக்கும் ஆட்டுக்கறியும் கொண்டுவந்து காவலாளியிடம் கொடுத்தனுப்பினார். அவ்வளவும் செய்தேன். ஆனால் யாரும் கூப்பிடவில்லை. மாநிலப் பயிற்சிக்குத் தொடர்ந்து போனேன், வெறும் கையோடு. மழையிலும் பந்தை விடுவதில்லை. வேண்டுமென்றே மழை பெய்யும்போதுதான் போய் நின்றேன். அபாங் கூரைக்குக் கீழே நின்று பந்தை எறிவார், நான் நனைந்துகொண்டு பிடிப்பேன். நூற்றுக்குத் தொண்ணூற்றேழு, தொண்ணூற்றெட்டு. யார் பார்த்தார்கள்?

தாய்லாந்துப் பட்டியல் தொழிற்சாலைக்கு ஃபேக்ஸில் வந்தது. தோழியின் பெயர் இருந்தது. நான் மூன்று முறை மேலிருந்து கீழாகப் பார்த்தேன், ஒருமுறை கீழிருந்து மேலாக.

“கேளு” என்றார் அக்கா. “வாயத் தொறந்து கேளு லா. ஒரு பந்துக்கு ஒரு வருஷமா? என்னா கணக்கு இது?”

“யார்கிட்டக்கா கேக்குறது?”

“எழுது. நான் சொல்றேன், நீ எழுது.”

சாப்பாட்டு நேரத்தில் கேண்டீனில் உட்கார்ந்து ரக்பி சங்கத்துக்கு மலாயில் எழுதினோம். மூன்று தாள் வீணாயிற்று. தப்பு என்னுடையது, ஒப்புக்கொள்கிறேன், இப்போது அதைப் போடுவதில்லை, ஒரு முறை என்னைப் பயிற்சியில் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள் என்று. என் வாழ்க்கையில் நானாக எழுதிய முதல் கடிதம் அது. தபாலில் போட்டுவிட்டு, முகவரி சரியாக எழுதினேனா என்று அந்தப் பெட்டியைச் சுற்றி இரண்டு முறை நடந்தேன்.

ஒரு மாதம் பதில் இல்லை. இரண்டு மாதம் இல்லை. அணி தாய்லாந்து போய்த் திரும்பியும் விட்டது. மூன்றாம் மாதம் சங்கத்து முத்திரையோடு ஓர் உறை வந்தது. அம்மா அதை விளக்கு மாடத்தில் வைத்திருந்தார். அவசரத்தில் உறையோடு சேர்த்து உள்ளிருந்த தாளையும் கிழித்துவிட்டேன். இரண்டு துண்டையும் சேர்த்துப் பிடித்துப் படித்தேன்.

என் கடிதத்தைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. சிங்கப்பூர் ஆட்டத்துக்குக் கொடுத்த இருபதாம் எண் சட்டை இன்னும் திரும்பி வரவில்லை, பதினான்கு நாளுக்குள் ஒப்படைக்க வேண்டும், இல்லாவிட்டால் அதற்கான விலையைக் கட்ட வேண்டும். அவ்வளவுதான்.

சட்டை என்னிடம்தான் இருந்தது. அன்று மழையில் என் சொந்தத் துணியும் நனைந்துவிட்டதால் அதோடேயே பஸ்ஸில் ஊருக்கு வந்தேன். துவைத்து மடித்து, அனுப்ப வேண்டும் அனுப்ப வேண்டும் என்று அலமாரியில் வைத்திருந்தேன். அந்தக் கடிதம் வந்த நிமிடம் வரை அனுப்பத்தான் நினைத்திருந்தேன்.

“குடுத்துரும்மா” என்றார் அம்மா. “போலீஸு வரும். இல்லாட்டி காச கட்டிரு. சம்பளத்துல புடிச்சிருவாங்க.”

“புடிக்கட்டும்.”

“என்னா புடிக்கட்டும்? பைத்தியமா உனக்கு?”

அம்மாவிடம் நான் எதிர்த்துப் பேசியது அதுதான் முதல் தடவை என்று நினைக்கிறேன். மின்சாரப் பில், தண்ணீர்ப் பில், நூலகத்து அபராதம், எதுவாக இருந்தாலும் கெடுவுக்கு ஒரு வாரம் முன்னாலேயே வரிசையில் நிற்கிறவள் நான். இதை மட்டும் கட்டவில்லை. சட்டையையும் கொடுக்கவில்லை. அதற்குப் பிறகு இரண்டு நினைவூட்டல் வந்தது. ஒவ்வொரு முறையும் தபால்காரரின் மோட்டார் சைக்கிள் சத்தம் கேட்டதும் கதவுக்குப் பின்னால் போய் நின்றேன். இரண்டு வாரம் சரியாகச் சாப்பிடவில்லை. ஆனாலும் கொடுக்கவில்லை.

பயிற்சியைப் பார்க்க ஒரு ஆளை அனுப்பியிருந்தால் அன்றைக்கே சட்டையை இஸ்திரி போட்டுக் கையில் கொடுத்திருப்பேன். யாரும் வரவில்லை. அடுத்த வருடம் நான் ரக்பியை விட்டேன்.

அவர்கள் கடிதத்தில் போட்டிருந்த விலை எண்பத்தைந்து வெள்ளி. இன்றுவரை பாக்கி, எண்பத்தைந்து வெள்ளி.